பெர்க்மனுக்கு முன்னால் ஒருவர்: விக்டர் ஷோஸ்ட்ரோமின் திரைவாழ்வு

ஒரு பெண் மரக்கட்டை ஒன்றை மார்போடு அணைத்துத் தாலாட்டிக்கொண்டிருக்கிறாள். அவள் கண்ணுக்கு அது கட்டையல்ல, அவளுடைய கைக்குழந்தை. 1913இல் வெளிவந்த 'இங்கபோர்க் ஹோம்' என்ற சுவீடன் மௌனப்படத்தில் வரும் காட்சி இது. கணவன் காசநோயில் இறந்துபோகிறான், கடை கடனில் மூழ்குகிறது. மூன்று பிள்ளைகளோடு அவள் ஊராட்சியின் ஏழையர் விடுதிக்குப் போக நேர்கிறது. விடுதியில் தாய்க்கு மட்டுமே இடம். பிள்ளைகளை ஆளுக்கொரு வீட்டுக்கு அனுப்பிவிடுகிறார்கள். பின்பு ஒருநாள் கடைக்குட்டியை அவளிடம் கூட்டி வரும்போது அந்தக் குழந்தைக்குத் தாயை அடையாளம் தெரியவில்லை. அந்தக் கணத்தில் அவள் புத்தி பேதலித்துவிடுகிறது.

நூறாண்டுகளுக்கும் மேல் பழைய படம். ஆனாலும் பிள்ளைகளைப் பிரிகிற காட்சியை இன்றைக்குப் பார்த்தாலும் நெஞ்சு கனத்துவிடுகிறது. கேமரா அசைவதில்லை, முகத்துக்கு அருகே போவதுமில்லை. துயரத்தின் உச்சத்தில் தாய் நமக்கு முதுகைக் காட்டி நிற்கிறாள். கண்ணைக் கசக்குவதும் மார்பில் அடித்துக்கொள்வதும்தான் நடிப்பு என்று உலகத் திரை நம்பிக்கொண்டிருந்த காலத்தில், ஒரு முதுகு போதும் என்று முடிவெடுத்தவர் விக்டர் ஷோஸ்ட்ரோம். ஹில்டா போர்க்ஸ்ட்ரோம் என்ற நடிகை அதை நிறைவேற்றிக் காட்டினார்.

படம் வெளியானதும் சுவீடனின் பத்திரிகைகளில் பெரும் விவாதம் மூண்டது. ஏழைகள் உண்மையிலேயே இப்படித்தான் நடத்தப்படுகிறார்களா, இல்லை இது மிகையா என்று இரு தரப்பும் மோதின. ஏழைக் குழந்தைகளையும் முதியவர்களையும், யார் குறைந்த செலவில் வைத்துப் பராமரிக்க ஒப்புக்கொள்கிறாரோ அவரிடம் ஏலத்தில் ஒப்படைக்கும் வழக்கம் அந்நாட்டின் ஊர்ப்புறங்களில் நெடுங்காலம் இருந்தது. 1918இல் வந்த புதிய ஏழையர் பராமரிப்புச் சட்டம்தான் அதற்குத் தடை போட்டது. அந்தச் சட்டத்தை ஒரு படம் கொண்டுவந்தது என்று சொன்னால் அது மிகை. சட்டத்துக்கு முந்தைய ஆண்டுகளில் மக்களின் மனத்தை அசைத்தவற்றுள் இந்தப் படமும் ஒன்று என்பதில் மட்டும் எனக்குச் சந்தேகமில்லை.

சுவீடன் சினிமா என்றதும் இங்மார் பெர்க்மனின் பெயர்தான் நமக்கு முதலில் நினைவுக்கு வருகிறது. தவறில்லை. ஆனால் பெர்க்மனே தம் ஆசானாக எண்ணியவர் இந்த ஷோஸ்ட்ரோம். சாவு, குற்றவுணர்வு, தன்னைத் தானே விசாரித்துக்கொள்ளும் மனிதன் என்று பெர்க்மனின் தனி நிலமாக நாம் கருதுவதை, ஒலியே இல்லாத திரையில் முதலில் உழுதவர் அவர்தான்.

ஷோஸ்ட்ரோம் 1879 செப்டம்பர் 20 அன்று, சுவீடனின் மேற்கிலுள்ள வார்ம்லாண்ட் மாகாணத்தில் பிறந்தார். கைக்குழந்தையாக இருந்தபோதே குடும்பம் அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்தது. பிழைப்புக்காகச் சுவீடன் நாட்டவர் லட்சக்கணக்கில் கடல் கடந்த காலம் அது. நியூயார்க்கின் புரூக்ளினில் வளர்ந்த சிறுவனுக்கு ஏழு வயதாகும்போது தாய் இறந்துவிட்டார். மணமாவதற்கு முன் மேடையில் நடித்தவர் அவர். தந்தை மறுமணம் செய்துகொண்டார். கண்டிப்பும் மதப்பற்றும் மிகுந்த அந்தத் தந்தையோடு மகனுக்கு ஒத்துப்போகவில்லை. பதின்மூன்று வயதையொட்டி, சுவீடனில் இருந்த அத்தை வீட்டுக்கு அனுப்பப்பட்டான். தாயின் நினைவும் தந்தையின் மீதான அச்சமும் அவருடைய படங்களில் எத்தனை இடங்களில் தலைகாட்டுகின்றன என்று எண்ணத் தொடங்கினால் முடிவே இருக்காது. பிள்ளையைப் பறிகொடுக்கும் தாயும் வீட்டைச் சிதைக்கும் தந்தையும் அவரிடம் திரும்பத் திரும்ப வருகிறார்கள்.

பதினேழு வயதுக்குள் நாடகக் குழுவில் சேர்ந்துவிட்டார். ஊர் ஊராகச் சுற்றி நடித்து, பிறகு நாடகங்களை இயக்கி, சொந்தமாகக் குழுவும் நடத்திப் பதினைந்து ஆண்டுகளுக்கு மேல் மேடையிலேயே கழித்தார். 1912இல் 'ஸ்வென்ஸ்கா பியோ' நிறுவனத்தின் தலைவர் சார்ல்ஸ் மேக்னுசன் அவரைப் படத்துறைக்கு அழைத்தார். ஏறக்குறைய அதே நேரத்தில் மோரிட்ஸ் ஸ்டில்லரும் வந்து சேர்ந்தார். பின்னாளில் நடிகை கிரெட்டா கார்போவை உலகுக்கு அறிமுகப்படுத்தியவர் இந்த ஸ்டில்லர். ஸ்டாக்ஹோமுக்கு அருகே லீடிங்கோவில் இருந்த சிறு ஸ்டுடியோவில், இந்த மூவரோடு ஒளிப்பதிவாளர் யூலியஸ் யான்சனும் கூடியபோது சுவீடன் சினிமாவின் முதல் பொற்காலத்துக்கு அடித்தளம் விழுந்தது.

தொடக்கமே தடையோடுதான். நாடு முழுவதற்குமான அரசுத் தணிக்கையைச் சுவீடன் 1911இலேயே கொண்டுவந்திருந்தது. உலகில் அப்படிச் செய்த முதல் நாடுகளுள் அது ஒன்று. ஷோஸ்ட்ரோம் இயக்கிய முதல் படமான 'தோட்டக்காரன்' தணிக்கையில் சிக்கி உள்நாட்டில் தடைசெய்யப்பட்டது. முற்றாகத் தொலைந்துவிட்டது என்று பலகாலம் நம்பப்பட்ட அதன் பிரதி, பின்னால் அமெரிக்காவின் நாடாளுமன்ற நூலகத்தில் கிடைத்தது. தம் முதல் படம் சொந்த நாட்டின் திரையில் ஓடியதை அவர் பார்க்கவேயில்லை.

முதல் நான்கைந்து ஆண்டுகள் ஓட்டமும் இரைப்புமாகப் போயின. ஆண்டுக்குப் பல படங்கள். அவற்றில் பெரும்பாலானவை அன்றைய சந்தைக்கான சரக்கு, அவரே சலித்துப்போயிருந்தார். திருப்புமுனை 1917 ஜனவரியில் வந்த 'தெர்யே விகென்'. நார்வேக் கவிஞர் இப்சனின் நெடுங்கவிதை அது. நெப்போலியன் போர்க்காலத்தில் பிரிட்டிஷ் கப்பல்கள் நார்வேக் கரையை முற்றுகையிட்டிருக்கின்றன. பசியால் வாடும் மனைவிக்கும் மகளுக்கும் தானியம் கொண்டுவர ஒரு மீனவன் சிறு படகில் டென்மார்க்குக்குத் துடுப்பு வலித்துப் போகிறான். திரும்பும் வழியில் பிடிபட்டுச் சிறைக்குப் போகிறான். விடுதலையாகி வரும்போது மனைவியும் இல்லை, மகளும் இல்லை. பல ஆண்டுகளுக்குப் பின், தன்னைப் பிடித்த அதே ஆங்கிலேய அதிகாரி குடும்பத்தோடு புயலில் சிக்கி அவன் கைக்குள் வருகிறார். அந்த மீனவனாக நடித்தவர் ஷோஸ்ட்ரோமே.

சுவீடனில் அதுவரை எடுக்கப்பட்டவற்றுள் மிக அதிகச் செலவான படம் அது. மேக்னுசன் துணிந்தார், பலன் கிடைத்தது. அதன்பிறகு நிறுவனம் கொள்கையையே மாற்றியது: குறைவான படங்கள், நிறைய செலவு, நல்ல இலக்கியம், ஸ்டுடியோவை விட்டு வெளியே வந்து திறந்தவெளியில் படப்பிடிப்பு. முதல் உலகப்போரில் நடுநிலை வகித்த நாடு என்பதும் கைகொடுத்தது. மற்ற ஐரோப்பிய நாடுகளின் படத்தொழில் போரில் சிதறிக்கிடந்தபோது இங்கே கேமரா ஓடிக்கொண்டிருந்தது.

எனக்கு இதைவிடப் பெரிதாகத் தெரிவது கடல். 'தெர்யே விகெ'னில் கடல் வெறும் பின்னணி இல்லை. மீனவனின் மனம் கொந்தளிக்கும்போது பாறையில் அலை மோதுகிறது; அவன் பழிவாங்கும் எண்ணத்தைக் கைவிட்டதும் நீர் அடங்குகிறது. நம் சங்கப் பாடல்களில் நிலமும் பொழுதும் தலைவியின் மனநிலையைச் சுமந்து நிற்பதைப் படித்து வளர்ந்தவர்களுக்கு இது உடனே பிடிபட்டுவிடும். ஷோஸ்ட்ரோமுக்குப் பேச வசனம் இல்லை. கடலும் பனியும் காற்றும்தான் இருந்தன. அவற்றைப் பேசவைத்தார்.

அடுத்த ஆண்டு வந்த 'மலைவாசி ஐவிந்தும் அவன் மனைவியும்' இதை இன்னும் ஓரடி முன்னே கொண்டுபோனது. ஐஸ்லாந்து நாடகாசிரியர் யோஹன் சிகுர்யோன்சனின் கதை. போரினால் ஐஸ்லாந்துக்குப் போக முடியாததால், துருவ வட்டத்துக்கு வடக்கே அபிஸ்கோ மலைப்பகுதியில் படம் எடுத்தார்கள். சட்டத்துக்குத் தப்பியோடி, காதலால் மலையேறிய ஆணும் பெண்ணும், முதுமையில் பனி சூழ்ந்த குடிசைக்குள் பசியோடு ஒருவரையொருவர் குற்றம் சொல்லிக்கொள்ளும் இறுதிப் பகுதி ஈரமற்ற உண்மை. பசி காதலை என்ன செய்யும் என்பதை இவ்வளவு நேர்மையாகச் சொன்ன படங்கள் அந்தக் காலத்தில் அரிது. பிரெஞ்சு விமர்சகர் லூயி தெலுக் இந்தப் படத்தைத் தலையில் தூக்கிவைத்துக் கொண்டாடினார். நாயகியாக நடித்த எடித் எராஸ்டோஃப் பின்னர் ஷோஸ்ட்ரோமின் மனைவியானார்.

இதே ஆண்டுகளில் அவருக்குக் கிடைத்த இன்னொரு செல்வம் செல்மா லாகர்லோஃபின் எழுத்து. 1909இல் இலக்கிய நோபல் பெற்ற முதல் பெண் அவர்; ஷோஸ்ட்ரோமைப் போலவே வார்ம்லாண்டில் பிறந்தவர். நாட்டார் கதைகளையும் மனிதரின் அறப் போராட்டத்தையும் ஒரே நூலில் பின்னியவர். அவருடைய கதைகளை ஷோஸ்ட்ரோம் அடுத்தடுத்துப் படமாக்கினார். 'இங்மார் புதல்வர்கள்' படத்தில் ஓர் இளம் விவசாயி ஏணி வைத்து வானத்துக்கு ஏறிப்போய், இறந்துபோன மூதாதையரிடம் யோசனை கேட்கிறான். மேலே தேவதைகளின் ஆரவாரம் இல்லை. பெரிய பண்ணைவீடு ஒன்றில் வழிவழி வந்த இங்மார்கள் சுவரோரம் வரிசையாக உட்கார்ந்திருக்கிறார்கள். பத்து நிமிடம் பார்த்தாலே அந்த மண்ணின் மனிதர்கள் எதை மதித்தார்கள் என்பது விளங்கிவிடும்.

இனி 'வண்டிக்காரன்'. உலகம் 'தி பேன்டம் கேரேஜ்' என்று அறிந்த படம். 1921 புத்தாண்டு நாளில் வெளியானது. புத்தாண்டுக்கு முந்தைய இரவில், மணி பன்னிரண்டு அடிக்கும் நேரத்தில் கடைசியாக உயிர்விடுபவன், அடுத்த ஓராண்டு முழுவதும் சாவின் வண்டியை ஓட்டி இறந்தவர்களின் உயிர்களைச் சேகரிக்க வேண்டும் என்பது கதையின் மூலமான நம்பிக்கை. டேவிட் ஹோம் என்ற குடிகாரன் அந்த இரவில் கல்லறைத் தோட்டத்தில் நடக்கும் கைகலப்பில் அடிபட்டு விழுகிறான். வண்டி வந்து நிற்கிறது. ஓட்டிவருபவன் அவனைக் குடிக்குப் பழக்கிய பழைய நண்பன் ஜார்ஜ். இனி அவன் ஏறுவதற்கு முன், தான் வாழ்ந்த வாழ்க்கையைத் திரும்பிப் பார்த்தாக வேண்டும்.

டேவிட் ஹோமாக நடித்தவரும் ஷோஸ்ட்ரோம்தான். ஏழைகளுக்குத் தொண்டு செய்யும் கிறிஸ்தவ அமைப்பான இரட்சணிய சேனையைச் சேர்ந்த எடித் என்ற இளம்பெண் இரவெல்லாம் கண்விழித்து அவனுடைய கிழிந்த கோட்டைத் தைத்து வைக்கிறாள். காலையில் அவன் அந்தத் தையல்களை ஒவ்வொன்றாகக் கிழித்தெறிந்துவிட்டுச் சிரிக்கிறான். அந்தக் கோட்டிலிருந்து தொற்றிய காசநோய்தான் அவளைச் சாகடிக்கிறது. இன்னொரு காட்சியில் தன் மனைவியும் குழந்தைகளும் இருக்கும் அறையின் கதவைக் கோடரியால் பிளக்கிறான். பிற்காலத்துத் திகில் படம் ஒன்றில் உலகப்புகழ் பெற்ற கோடரிக் காட்சியைப் பார்த்தவர்கள், அறுபது ஆண்டு முந்தைய இந்தக் கதவைத் தேடிப் பார்க்க வேண்டும். இவ்வளவு கொடியவனாகத் தம்மையே திரையில் நிறுத்திக்கொள்ள ஓர் இயக்குநருக்கு எவ்வளவு துணிச்சல் வேண்டும்!

ஆவிகளை எப்படிக் காட்டினார்கள்? படச்சுருளில் ஒரு காட்சியைப் பதிவுசெய்துவிட்டு, சுருளைப் பின்னோக்கிச் சுற்றி, அதே சுருளின் மேல் இன்னொரு காட்சியைப் பதிவுசெய்வது அன்று தெரிந்த உத்திதான். யான்சன் அதைச் செய்த நேர்த்திதான் புதிது. கேமரா கையால் சுற்றப்படுவது. ஒவ்வொரு முறையும் கை ஒரே வேகத்தில் சுழல வேண்டும். கொஞ்சம் பிசகினாலும் உருவங்கள் பொருந்தாது, முழுச் சுருளும் வீண். சில காட்சிகளில் நான்கு பதிவுகள் வரை ஒன்றன்மேல் ஒன்றாகப் படிந்திருக்கின்றன. அதனால்தான் கண்ணாடி போன்ற வண்டி கடலலைகளின் மேல் உருண்டு போகிறது, மூழ்கியவனை எடுக்க நீருக்கடியில் இறங்குகிறது, ஆவி மேசை நாற்காலிகளுக்குப் பின்னால் மறைந்து முன்னால் வருகிறது. ரோசுண்டாவில் புதிதாகக் கட்டப்பட்ட ஸ்டுடியோவில் இதை எடுத்தார்கள்.

உத்தியைவிடக் கதை சொல்லும் முறை எனக்கு இன்னும் வியப்பு. ஒருவன் பழங்கதை சொல்கிறான். அந்தக் கதைக்குள் இன்னொருவன் வேறொரு கதை சொல்கிறான். அதற்குள்ளிருந்து மீண்டும் நிகழ்காலம். கூடுகளைத் திறக்கத் திறக்க உள்ளே டேவிட் ஹோமின் குற்றம் ஒன்றுதான் இருக்கிறது. திரைக்கதையின் அந்தச் சிக்கலான வடிவத்துக்கு ஒரே காரணம், தன்னை நேரே பார்க்க அஞ்சும் மனம் அப்படித்தான் சுற்றிச் சுற்றி வரும் என்பது. பெர்க்மன் பதின்ம வயதில் இதைப் பார்த்தார். பிறகு வாழ்நாள் முழுவதும் ஆண்டுக்கொரு முறையாவது பார்த்துவந்தார். இந்தப் படம் உருவான காலத்தையே மையமாகக் கொண்ட நாடகம் ஒன்றை, 2000ஆம் ஆண்டு, தம் எண்பதுகளில் தொலைக்காட்சிக்காக இயக்கினார்.

போர் முடிந்தபின் அமெரிக்கப் படங்கள் ஐரோப்பாவை நிறைத்தன. சுவீடன் படங்களுக்கு வெளிச்சந்தை சுருங்கியது. 1923இல் கோல்ட்வின் நிறுவனத்தின் அழைப்பை ஏற்று ஷோஸ்ட்ரோம் ஹாலிவுட் போனார். அமெரிக்க நாவுக்கு வசதியாக அவர் பெயர் 'சீஸ்ட்ரம்' ஆனது. மறு ஆண்டே கோல்ட்வின், மெட்ரோ, மேயர் ஆகிய மூன்று நிறுவனங்களும் இணைந்து எம்ஜிஎம் உருவானது. அந்தப் பெருநிறுவனம் முழுக்கத் தானே தயாரித்த முதல் படம், லான் சேனி நடிக்க ஷோஸ்ட்ரோம் இயக்கிய 'ஹி ஹூ கெட்ஸ் ஸ்லாப்டு'. பெரும் வெற்றி. கிரெட்டா கார்போவை வைத்து எடுத்த 'தி டிவைன் வுமன்' படத்தில் இன்று மிஞ்சியிருப்பது மாஸ்கோ ஆவணக் காப்பகத்தில் கிடைத்த ஒன்பது நிமிடம் மட்டுமே.

அமெரிக்காவில் அவருக்குத் துணைநின்றவர் நடிகை லிலியன் கிஷ். 'தி ஸ்கார்லெட் லெட்டர்' நாவலைப் படமாக்க இயக்குநராக ஷோஸ்ட்ரோமைத் தேர்ந்தவர் அவரே. இருவரும் மீண்டும் சேர்ந்து 1927இல் எடுத்து, 1928இல் வெளியானதுதான் 'தி விண்ட்'. டெக்சஸின் வறண்ட வெளியில் ஓயாது வீசும் காற்றால் மனம் பேதலிக்கும் இளம்பெண்ணின் கதை. கலிபோர்னியாவின் மொஹாவி பாலைவனத்தில் படப்பிடிப்பு. எட்டு விமானங்களின் விசிறிகளை ஓடவிட்டு மணலைக் கிஷ்ஷின் முகத்தில் வீசினார்கள். வெப்பத்தில் படச்சுருள் உருகிக் கெட்டுவிடாமல் இருக்கப் பனிக்கட்டியில் வைத்துப் பாதுகாத்தார்கள். காரின் கதவுப்பிடியைத் தொட்ட கிஷ்ஷின் கை வெந்துபோனது.

காற்று சத்தத்தால் அறியப்படுவது. மௌனப்படத்தில் அதை எப்படிக் கேட்கவைப்பது? ஷோஸ்ட்ரோம் கேட்கவைக்கவில்லை, பார்க்கவைத்தார். ரொட்டியில் மணல், படுக்கையில் மணல், சன்னல் கண்ணாடியில் மணல். வானத்தில் வெள்ளைக் குதிரையொன்று பாய்ந்து வருகிறது; அது வடகாற்று. தன்னைக் கெடுத்தவனைச் சுட்டுக்கொன்று அவள் மணலில் புதைக்கிறாள். காற்று அந்த மணலைக் கொஞ்சம் கொஞ்சமாக விலக்குகிறது. சடலத்தின் முகம் வெளியே வருகிறது. கண்ணாடிக்குப் பின்னால் நின்று அதைப் பார்க்கும் கிஷ்ஷின் கண்கள்! 'தெர்யே விகெ'னின் கடல் இங்கே மணலாகி வந்திருக்கிறது என்றே எனக்குத் தோன்றும். மூல நாவலில் அவள் பாலைக்குள் நடந்து மறைகிறாள். படத்தில் கணவனோடு காற்றை எதிர்கொண்டு நிற்கிறாள். இந்த முடிவு நிறுவனத்தின் கட்டாயத்தால் வந்தது என்று கிஷ் பல ஆண்டுகள் சொல்லிவந்தார். வரலாற்றாசிரியர்கள் சிலர் அதை மறுக்கிறார்கள். எது உண்மையானாலும் படம் வெளிவந்தபோது மக்கள் பேசும்படத்தின் பின்னால் ஓடிக்கொண்டிருந்தார்கள். 'தி விண்ட்' வசூலில் தோற்றது.

1930இல் அவர் சுவீடனுக்குத் திரும்பினார். அடுத்து இயக்கியது இரண்டே படங்கள்: 1931இல் சுவீடனில் ஒன்று, 1937இல் இங்கிலாந்தில் ஒன்று. அதோடு இயக்கத்தை நிறுத்திவிட்டார். ஐம்பதுகளில் இருந்த, உலகறிந்த ஒருவர் ஏன் ஓய்ந்தார்? பேசும்படம் அவரை விழுங்கிவிட்டது என்பது எளிய பதில். எனக்கு அது போதவில்லை. அவர் மேடையிலிருந்து வந்தவர், வசனத்துக்கு அஞ்ச வேண்டியவரல்ல. ஆனால் மேடையை விட்டு வந்து அவர் கண்டெடுத்த மொழி வசனமற்றது. தொடக்ககாலப் பேசும்படக் கேமராவோ ஒலிபுகாத அறைக்குள் அடைபட்டுக் கிடந்தது. கடலுக்கும் பனிமலைக்கும் அதைத் தூக்கிச்செல்ல முடியாது. அவர் ஊருக்குத் திரும்பி நடிகராகத் தொடர்ந்ததைத் தோல்வியாக நான் பார்க்கவில்லை.

பழைய படங்களுக்கு நேர்ந்ததுதான் உண்மையான இழப்பு. 1941இல் ஸ்டாக்ஹோமில் படச்சுருள் கிடங்கு தீப்பற்றி எரிந்தபோது, மௌனப்படக் காலத்து நெகட்டிவ்கள் பெருமளவில் அழிந்தன. ஷோஸ்ட்ரோமின் தொடக்ககாலப் படங்களில் பெரும்பாலானவை இன்று இல்லை.

1943 முதல் 1949 வரை அவர் ஸ்வென்ஸ்க் ஃபில்மிந்துஸ்ட்ரி நிறுவனத்தின் கலைத்துறைத் தலைவராக இருந்தார். அங்கேதான் இளம் பெர்க்மன் தம் முதல் படத்தோடு திணறிக்கொண்டிருந்தார். எல்லோரோடும் சண்டை, எடுத்த காட்சிகளில் குழப்பம். ஷோஸ்ட்ரோம் அவருடைய பிடரியைப் பற்றிக்கொண்டு ஸ்டுடியோவுக்கு வெளியே முன்னும் பின்னுமாக நடத்திச் சென்றதைப் பெர்க்மன் தம் சுயசரிதையில் நினைவுகூர்கிறார். காட்சியை எளிமையாக்கு, நடிகரை முன்னாலிருந்து எடு, எல்லோரோடும் சண்டை போடாதே என்பதுதான் அறிவுரையின் சாரம். பெரியவர் ஒருவர் பிடரியைப் பிடிக்கும் அளவுக்கு உரிமை எடுத்துக்கொண்டு சொன்ன சொற்கள் என்பதால்தான் அவை அந்த முரட்டு இளைஞரிடம் தங்கின.

1957இல் பெர்க்மன் அவரிடம் வந்தார். 'வைல்ட் ஸ்ட்ராபெரீஸ்' படத்தில் முதிய மருத்துவர் ஈசாக் போர்க் வேடம். கௌரவப் பட்டம் பெற லுண்ட் நகருக்குக் காரில் போகும் வழியில், தான் வாழ்ந்த வாழ்க்கையின் வறட்சியைக் கண்டுகொள்ளும் ஒருவர். ஷோஸ்ட்ரோமுக்கு எழுபத்தேழு வயது. மனைவி இறந்து பன்னிரண்டு ஆண்டுகளாகியிருந்தன. உடல் தளர்ந்து, வசனம் மறந்துபோகும் நிலை. தயங்கித்தான் ஒப்புக்கொண்டார். மாலையில் குறித்த நேரத்துக்கு வீடு திரும்பி விஸ்கி அருந்த வேண்டும் என்பதில் மட்டும் உறுதியாக இருந்தார்.

படத்தின் தொடக்கத்தில் வரும் கனவைப் பாருங்கள். முள்ளில்லாத கடிகாரம். வெறிச்சோடிய தெரு. குதிரைகள் இழுத்துவரும் பிணவண்டி. ஓட்டுபவர் யாரும் இல்லை. சக்கரம் விளக்குக் கம்பத்தில் சிக்கி, சவப்பெட்டி சரிந்து விழுகிறது. உள்ளிருந்து நீளும் கை ஈசாக் போர்க்கைப் பிடித்து இழுக்கிறது. பெட்டிக்குள் இருப்பதும் அதே முகம். முப்பத்தாறு ஆண்டுகளுக்கு முன் வண்டிக்காரன் வந்து நின்றபோது திரும்பிப் பார்க்கக் கட்டாயப்படுத்தப்பட்டவனின் முகம்தான் இது. இம்முறை வண்டிக்காரன்கூடத் தேவைப்படவில்லை. படம் 1958இல் பெர்லின் திரைவிழாவில் தங்கக் கரடி விருது பெற்றது. தம் கதையை ஷோஸ்ட்ரோம் எடுத்துக்கொண்டு தமதாக்கிவிட்டார் என்று பெர்க்மனே பின்னர் எழுதினார்.

அவர் நடித்த கடைசிப் படம் அதுதான். 1960 ஜனவரி 3 அன்று, எண்பதாவது வயதில் ஸ்டாக்ஹோமில் காலமானார்.

படத்தின் முடிவுப் பகுதியில், இளமையில் காதலித்த சாரா முதியவரின் கையைப் பிடித்துப் புல்வெளி வழியே அழைத்துச் செல்கிறாள். அந்தக் காட்சியை எடுத்தபோது மாலை வெயிலுக்காகக் காத்திருக்க வேண்டியிருந்தது. வீடு திரும்பும் நேரம் தாண்டிவிட்டது. ஷோஸ்ட்ரோம் எரிச்சலோடு முணுமுணுத்துக்கொண்டிருந்தார். கேமரா ஓடத் தொடங்கியதும் முகம் தெளிந்தது. ஏழு வயதில் தாயை இழந்து, பதின்மூன்றில் தந்தையிடமிருந்து அனுப்பப்பட்ட அந்த மனிதர் தூரத்தில் பார்க்கிறார். நீரோரத்தில் ஈசாக்கின் தந்தை தூண்டில் போட்டபடி உட்கார்ந்திருக்கிறார். பக்கத்தில் தாய்.